டீ கிளாஸுக்கு அடியில் இருந்த சுறா

ஜனவரி 6

பற்களின் பேரரசி, முந்நூறு இழுப்பறைகளின் ஏகபோக மகாராணி, என் அக்கா பெற்ற அருமை மருமகளுக்கு மாமா எழுதுவது.

இப்போது நான் சொல்லப்போகும் கதையை யாரும் நம்பப்போவதில்லை. நீயும் நம்பமாட்டாய். பம்பு ஆபரேட்டர் கண்ணால் பார்த்தவர், அவரே நம்பவில்லை. ஆனாலும் என் வலது கையை இருபது குதிரைசக்தி பம்பின் மேல் வைத்துச் சத்தியம் செய்கிறேன், இதில் ஒரு எழுத்தும் பொய் கிடையாது. (பம்பு ஓடவில்லை. ஓடும்போது வைத்திருந்தால் எழுதக் கை இருந்திருக்காது.)

செவ்வாய்க்கிழமை காலை பத்து மணிக்கு எங்கள் சுண்ணாம்புக் குழியின் சுவர் ஒரு கொட்டாவி விட்டது. உள்ளேயிருந்து ஒரு பல் பறந்து வந்தது. வந்த வேகத்தில் ரப்பர் ஹோஸை இரண்டாக வெட்டி, பம்பு ஆபரேட்டரின் தொப்பியைத் தட்டிவிட்டு, குழியை மூன்று முறை வலம் வந்து, என் உள்ளங்கையில் இறங்கியது. இறங்கும்போது சூடாக இருந்தது. இந்தப் பல்லுக்குச் சொந்தமான சுறா, என் கணக்கில், எங்கள் குழியின் வாசலில் தலையும் பஸ் ஸ்டாண்டில் வாலுமாகப் படுத்திருக்க வேண்டும். அது மூச்சை இழுத்தால் கடல் வற்றும், விட்டால் கரை காணாமல் போகும். இதை எழுதும்போது என் டீ கிளாஸ் உட்கார்ந்திருப்பதே அதன் முதுகெலும்பின் மேல்தான். இதற்கு மேல் என்ன ஆதாரம் வேண்டும்?

பல்லை நன்றாகப் பார். இரண்டு பக்கமும் இரண்டு காவல்காரர்கள்போலக் குட்டிமுனைகள் நிற்கின்றன. இந்த மாதிரி ஒன்றை நீ பார்த்திருக்கமாட்டாய்.

ஒரு மனக்குறை. மூன்று வருடத்தில் பதினொரு பல் அனுப்பியிருக்கிறேன். பதினொன்றுக்கும் உன் அருங்காட்சியகத்திலிருந்து ஒரே அச்சடித்த சீட்டுதான் வந்தது: "பொருள் பெறப்பட்டது. வகை: சாதாரணம். நன்றி." கீழே உன் கையெழுத்து, அதுவும் ரப்பர் ஸ்டாம்பு. ஆபீஸ் போனில் கூப்பிடலாம் என்றால் இந்தக் கிரஷர் மிஷின் என் இரண்டு காதையும் எப்போதோ அரைத்துவிட்டது. போனில் நீ பேசினால் எனக்குக் கொசு பாடுவதுபோல்தான் கேட்கிறது. அதனால் எழுது. இரண்டு பக்கத்துக்குக் குறையாமல்.

இப்படிக்கு,
ஏழு பம்புகளின் வேந்தன்,
உன் மாமா


ஜனவரி 15

அன்புள்ள மாமாவுக்கு,

பல் வந்தது. பஞ்சில் சுற்றி அனுப்பியதற்கு நன்றி. போன தடவைபோல டீத்தூள் டப்பாவில் தூளோடு போட்டு அனுப்பாததற்கு இன்னொரு நன்றி.

கதையை நம்பவில்லை. ஆனால் பல்லை இரண்டு நாளாகக் கீழே வைக்கவில்லை.

உங்களுக்கு ஒன்று புரியவேண்டும். சுறாவுக்கு எலும்பு கிடையாது. உடம்பெல்லாம் நம் காதுமடல்போலக் குருத்து. செத்தால் அழுகிக் கரைந்துவிடும், பெரும்பாலும் பல் மட்டும்தான் மிஞ்சும். அதுவும் ஒரு சுறா தன் ஆயுளில் ஆயிரக்கணக்கில் பல்லை உதிர்த்துவிட்டுப் போயிருக்கும். வழியில் கிடக்கும் ஒற்றைச் செருப்பைப் பார்த்து, போட்டவர் யார், உயரம் என்ன, எங்கே போனார் என்று சொல்வதுதான் என் வேலை. தட்டையான பக்கம் உதட்டைப் பார்க்கும், புடைத்த பக்கம் நாக்கைப் பார்க்கும். விளிம்பில் நகத்தை ஓட்டினால் வழுக்குகிறதா, ரம்பம்போல் இழுக்கிறதா என்று பார்ப்பேன். ரம்பம் என்றால் பொடியா பெரிசா, முனைவரை போகிறதா பாதியில் நிற்கிறதா. பிறகு வேர். பிறகு பக்கத்தில் குட்டிமுனைகள் உண்டா என்று.

உங்கள் பல்லில் ரம்பம் பெரிது பெரிதாக இருக்கிறது, முனைக்குக் கொஞ்சம் கீழேயே நின்றுவிடுகிறது. அது எனக்குத் தெரியும். கோணல்பல் சுறா என்று எங்களுக்குள் சொல்வோம். ஆனால் அதன் அகலமான மேல்தாடைப் பல்லில் இப்படி இரண்டு பக்கமும் குட்டிமுனை நின்று நான் பார்த்ததில்லை. புத்தகத்திலும் இல்லை. காப்பாட்சியரிடம் காட்டினேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி போட்டுக்கொண்டு பார்த்தார். மூன்று வருடத்தில் நான் காட்டிய எதற்கும் அவர் கண்ணாடியைத் துடைத்ததில்லை.

மாமா, ஏப்ரலோடு என் தற்காலிக வேலை முடிகிறது. நீட்டிப்பார்களா என்று தெரியாது. அடுத்த மாதம் வெளியிலிருந்து ஒரு நிபுணர் வருகிறார். இந்தப் பல் புதிது என்று அவர் ஒப்புக்கொண்டால் எனக்கு நாற்காலி நிலைக்கும். அதனால் கெஞ்சிக் கேட்கிறேன். எந்த இடத்தில், சுவரில் எந்த உயரத்தில், எந்த நிற மண்ணில் எடுத்தீர்கள்? பல்லைத் தேய்த்தீர்களா, ஏதாவது செய்தீர்களா? கூட ஒரு படிவம் வைத்திருக்கிறேன். நிரப்பி அனுப்புங்கள். கதை வேண்டாம்.

(இரண்டு பக்கம் வந்துவிட்டது.)

உங்கள் மருமகள்


ஜனவரி 24

மகாராணிக்கு,

படிவம் கண்டோம். இப்படி ஒரு வறண்ட தாளை என் வாழ்நாளில் கண்டதில்லை. பம்பு வாங்கும்போது கொடுக்கிற உத்தரவாதச் சீட்டிலாவது ஒரு பம்பின் படம் இருக்கும்.

ஆனாலும் கேட்டது நீ. எழுதுகிறேன். எந்த இடம் என்றால், உலகத்தின் மத்தியில், சரியாக நான் நின்ற இடத்தில். எந்த உயரம் என்றால், பம்பு ஆபரேட்டர் நின்றால் அவர் மூக்கு, அவர் மனைவி வந்து நின்றால் அவர் ஒளிந்துகொள்ளும் உயரம். மண்ணின் நிறம், எங்கள் மேலாளர் கோபப்படுவதற்கு ஒரு நிமிடம் முன்னால் அவர் முகத்தில் இருக்கும் நிறம். பல்லை ஏதாவது செய்தீர்களா என்று ஒரு கேள்வி. கல்யாணத்துக்குப் போகிற பெண்ணைத் தலைவாராமலா அனுப்புவார்கள்? கொஞ்சம் திருத்தமாக அனுப்பினேன், அவ்வளவுதான்.

உண்மையைச் சொல்லட்டுமா? "பம்பு பக்கம் கிடந்தது" என்று எழுதினால் அது என்ன கதை? அதைப் படித்துவிட்டு உன் நிபுணர் தூங்கிவிடமாட்டாரா?

அவர் வரும்போது எனக்கும் ஒரு நாற்காலி போடச் சொல். முன்வரிசையில்.

மாமா


பிப்ரவரி 20

மாமா,

நிபுணர் நேற்று வந்தார்.

காப்பாட்சியர், அலுவலகத்தில் இருக்கிற ஆறு பேர், எல்லாரும் மேஜையைச் சுற்றி நின்றார்கள். நான் இருபது நிமிடம் பேசினேன். படம் வரைந்து காட்டினேன். அவர் பல்லைக் கையில் எடுத்து, ஜன்னல் பக்கம் திருப்பி, மூக்கில் வைத்து மோந்து பார்த்தார். "கொஞ்சம் அசிட்டோன் கிடைக்குமாம்மா?" என்று கேட்டார். நகப்பூச்சு அழிக்கிற அதே திரவம். கண்ணாடிக் கிண்ணத்தில் ஊற்றி, பல்லை அதில் போட்டுவிட்டு, எங்கள் ஊர் வெயிலைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்.

முக்கால் மணி நேரம் கழித்து ஒரு காவல்காரன் கழன்று கிண்ணத்தின் அடியில் விழுந்தான். இன்னொருவனை அவர் இடுக்கியால் தொட்டார். அவன் துள்ளி மேஜைக்கு அடியில் உருண்டு போனான். ஆறு பேரும் குனிந்து தேடினார்கள். கடைசியில் அது காப்பாட்சியரின் செருப்புக்கு அடியில் இருந்தது.

"ரெசின் பசை. நல்ல வேலைப்பாடு" என்றார் நிபுணர். "சுத்தமா ஒட்டியிருக்காரு. யாரு இது?"

என் மாமா என்று சொன்னேன். வேறு என்ன சொல்வது?

யாரும் திட்டவில்லை. திட்டியிருந்தால் பரவாயில்லை. காப்பாட்சியர், "பரவாயில்லம்மா, சாப்பிடப் போலாம்" என்றார். அந்தக் குரல்தான் தாங்கவில்லை. மூன்று வருடமாக நான் அடையாளம் சொன்ன பற்களையெல்லாம் இனி ஒவ்வொன்றாகத் திரும்பப் பார்க்கவேண்டுமாம், வேறொருவர் பக்கத்தில் உட்கார்ந்து.

படிவத்தில் ஒரே ஒரு கேள்விக்கு ஒழுங்காகப் பதில் எழுதியிருந்தால் போதும். "ஏதாவது செய்தீர்களா?" "ஆமாம், ஒட்டினேன்." இரண்டு வார்த்தை.

இனிமேல் பல் அனுப்பவேண்டாம்.


மார்ச் 1

மருமகளே,

கடிதத்தில் உன் கையெழுத்தைக்கூடப் போடவில்லை. ரப்பர் ஸ்டாம்பாவது போட்டிருக்கலாம்.

ஒட்டியது நான்தான். ஒப்புக்கொள்கிறேன். ஏன் ஒட்டினேன் என்பதற்கு என்னிடம் ஏழு காரணங்கள் இருக்கின்றன. ஒன்றுக்கு ஒன்று சளைத்ததில்லை.

முதலாவது, உடைந்ததைக் கண்டால் ஒட்டுவது என் தொழில். முப்பது வருடமாக இந்தக் கம்பெனி என்னை வைத்திருப்பது அதற்காகத்தான். நின்றுபோன பம்பைப் பிரித்துப் பார்த்து, "இது நின்றுபோன பம்பு" என்று சீட்டு எழுதி அலமாரியில் வைத்தால், குழியில் எல்லாரும் நீச்சலடிக்க வேண்டியதுதான். இரண்டாவது, அந்தப் பல்லின் இரண்டு தோளும் மொட்டையாக இருந்தன. பார்க்கப் பரிதாபம். மூன்றாவது, பக்கத்திலேயே ஒரு ஊசிப்பல் நொறுங்கிக் கிடந்தது. அதன் அடியில் இரண்டு குட்டிமுனைகள் வேலைவெட்டி இல்லாமல் உட்கார்ந்திருந்தன. இவனுக்கு இல்லை, அவனுக்கு உண்டு, நடுவில் என்னிடம் பசை. நான் என்ன செய்ய? நான்காவது, என் பசை வேலைப்பாடு எப்படி என்று உலகம் அறியவேண்டும். அறிந்துவிட்டது. நிபுணரே பாராட்டினார் என்று நீயே எழுதியிருக்கிறாய்.

[இங்கே ஒரு வரி, தாள் கிழியும்வரை அடிக்கப்பட்டிருக்கிறது.]

ஐந்தும் ஆறும் ஏழும், நான்காவதே வேறு சட்டை போட்டுக்கொண்டு வருவதுதான்.

ஆனால் உன் வேலைக்கு ஆபத்து வருமென்று தெரிந்திருந்தால் அந்தப் பசைக் குழாயை நானே விழுங்கியிருப்பேன். நேராக அங்கே வந்து, உன் காப்பாட்சியர் காலில் விழுந்து, எழுந்திருக்காமல் ஒரு வாரம் கிடக்கத் தயார். எந்த வாரம் என்று மட்டும் சொல்.

மாமா


மார்ச் 6

மாமா,

வரவேண்டாம். எழுதவும் வேண்டாம், எதையும் அனுப்பவும் வேண்டாம். பழைய பெட்டிகளைத் திரும்பச் சோதிக்கும் வேலையில் இருக்கிறேன். நேரமில்லை.


மார்ச் 12

மருமகளே,

நீ எழுதவேண்டாம் என்றாய். அனுப்பவேண்டாம் என்றாய். இரண்டையும் மீறுகிறேன், ஏனென்றால் 31ஆம் தேதி பம்புகளை நிறுத்தப்போகிறார்கள். சுண்ணாம்பு தீர்ந்துவிட்டது. எங்களையெல்லாம் வேறு குழிக்கு மாற்றுகிறார்கள். பம்பு நின்றால் மூன்றே நாளில் இந்தக் குழி குளம்.

கதை இல்லாமல் எழுதப் பார்க்கிறேன். பழக்கமில்லை, பொறுத்துக்கொள்.

பெரிய பம்புக்குப் பின்னால் சுவரில் என் இடுப்பு உயரத்தில் சாம்பல்நிறக் களிமண் பட்டை ஒன்று ஓடுகிறது. ஒரு முழம் தடிமன். எல்லாப் பல்லும் அங்கேயிருந்துதான் வந்தன. பன்னிரண்டும். பம்பின் அதிர்வில் களிமண் உதிர்ந்து ஒவ்வொன்றாக விழும், நான் எடுப்பேன், அவ்வளவுதான் கதை. போன வாரம் பம்பை நகர்த்தினோம். பின்னால் சுவரில் நாற்பதாயிரம் [இந்த வார்த்தை அடிக்கப்பட்டிருக்கிறது] நாற்பது பற்கள் தெரிந்தன. அடித்ததைப் பார்த்தாயா? நானே அடித்தேன். நாற்பது. எண்ணினேன். வரிசையாக நிற்கின்றன, ரேஷன் கடை வரிசைபோல, முன்னால் ஒன்று, அதன் முதுகில் ஒன்று, அதன் முதுகில் ஒன்று. அகலமான ரம்பப்பல்லும் ஒல்லியான ஊசிப்பல்லும் ஒரே வரிசையில் பக்கத்துப் பக்கத்தில்.

நான் ஒன்றையும் தொடவில்லை. பசைக் குழாயை மேலாளர் மேஜையில் கொடுத்துவிட்டேன். மேலாளரின் காமிராவை வாங்கி ஒரு போட்டோவும் எடுத்து இதோடு வைத்திருக்கிறேன். அதில் இடது பக்கம் தெரியும் கருப்பு மலை என் கட்டைவிரல். வலது பக்கம் தெரியும் வெள்ளை, வெயில். நடுவில்தான் சுறா, ஆனால் அது அசங்கிவிட்டது.

31ஆம் தேதிக்குள் வா.

மாமா


மார்ச் 18

மாமாவுக்கு,

உங்கள் கடிதத்தைக் காப்பாட்சியரிடம் காட்டினேன். காட்டியிருக்கக்கூடாது. "நாப்பது பல்லா? அடுத்து திமிங்கிலத்தையே ஒட்டி லாரியில அனுப்புவாரு உங்க மாமா" என்றார். அறையில் எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். சிரிக்காவிட்டால் இன்னும் கேவலம்.

வண்டி கேட்டால் தரமாட்டார்கள். லீவு கேட்டால் ஏப்ரலுக்கு முன்னாலேயே போகச் சொல்வார்கள். எதை நம்பிக் கேட்பது? உங்கள் கட்டைவிரலை நம்பியா?

ரம்பப்பல்லும் ஊசிப்பல்லும் ஒரே வரிசையில் என்கிறீர்கள். அவை இரண்டு வேறு மீன்கள் மாமா. நீங்கள் அனுப்பியதிலேயே ரம்பப்பல் என் மூன்றாவது அலமாரியில் இருக்கிறது, ஊசிப்பல் ஐந்தாவதில். இரண்டு மீன் சேர்ந்து ஒரே வாயை வாடகைக்கு எடுத்ததா?

ஒரு மீனின் பற்கள் வாயில் இருந்த வரிசையிலேயே கல்லாகிக் கிடைப்பது, என்னைப்போன்றவர்கள் ஆயுள் முழுக்கத் தேடியும் பார்க்காமலே போகிற சமாசாரம். அதை நீங்கள் பம்பு நகர்த்தும்போது பார்த்தீர்கள். சரி. அப்படியே இருக்கட்டும். சுறாவின் உடம்பில் பல்லுக்கு அடுத்தபடி கெட்டியாவது முதுகுத்தண்டின் வட்டுகள்தான். சாஸர்போல இருக்கும், இரண்டு பக்கமும் குழிந்து, அறுத்த மரத்தில் தெரிவதுபோல வளையத்துக்குள் வளையம் ஓடும். முழு மீன் அங்கே கிடந்தால் அதில் ஒன்றாவது கிடைத்திருக்கவேண்டும். ஒரு வட்டைக் காட்டுங்கள், வருகிறேன்.

என் இடத்தில் நீங்கள் இருந்தால் நம்புவீர்களா? நிஜமாகக் கேட்கிறேன்.

உங்கள் மருமகள்


மார்ச் 21

நம்பமாட்டேன்.

ஆனால் கடுப்பாக இருக்கிறது. மூன்று வருடம் கதை விட்டேன், வாங்கி வைத்துக்கொண்டாய். வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு பக்கம் கதை இல்லாமல் எழுதினேன், அதற்கு ஆபீஸே சிரிக்கிறது. பொய் சொல்வதற்கு எனக்கு ஒரு நிமிடம் போதும். அந்த நேர்க் கடிதத்தை எழுத மூன்று நாள் ஆனது.

வட்டைக் காட்டு என்கிறாய். அது எங்கே இருக்கிறது என்று ஜனவரியிலேயே எழுதிவிட்டேன். ஒருமுறை சொன்னதை இன்னொருமுறை சொன்னால் அதையும் பொய் என்பாய். பல்லைப் பார்த்து மீனைச் சொல்கிறவள் நீ. கடிதத்தைப் பார்த்து மாமாவைச் சொல்.

காற்றில் தாள் பறக்கிறது. மேலே வைத்த பாரத்தின் கறை இதிலும் பட்டுவிட்டது. வேறு தாளில் எழுத மனசு இல்லை.


மார்ச் 24

மாமா!

தந்தியும் அடித்திருக்கிறேன். எது முதலில் வருகிறதோ அதைப் பார்த்து இப்படிச் செய்யுங்கள்: அந்த வட்டின் மேலிருந்து டீ கிளாஸை எடுங்கள். கழுவாதீர்கள். துடைக்காதீர்கள். எதையும் ஒட்டாதீர்கள்.

நேற்று உங்கள் கடிதங்களை எடுத்து மேஜையில் பரப்பினேன். எல்லாவற்றிலும் ஒரு டீக்கறை. கிளாஸ் வைத்த கறை என்று இதுவரை தூக்கிப் போட்டுக்கொண்டிருந்தேன். கிளாஸ் வைத்தால் ஒரே ஒரு வளையம்தான் விழும். இதில் வளையத்துக்குள் வளையம், அதற்குள் வளையம். லென்ஸ் வைத்து எண்ணினேன். ஜனவரிக் கடிதத்தில் பத்தொன்பது. மார்ச் கடிதத்திலும் அதே பத்தொன்பது. ஆறாவதுக்கும் ஏழாவதுக்கும் நடுவில் இரண்டிலும் ஒரே இடத்தில் ஒரு சின்ன உடைசல். இது கிளாஸ் இல்லை, கிளாஸுக்கு அடியில் டீயில் ஊறிக் கிடக்கும் முதுகுத்தண்டு வட்டு.

தாளைக் காப்பாட்சியர் மேஜையில் வைத்தேன். கண்ணாடியைத் துடைத்தார். பிறகு கேட்டார்: "இது மேல என்னம்மா வச்சிருக்காரு?"

"டீ, சார்."

"அடக் கடவுளே. எத்தனை நாளா?"

"மூணு வருஷமா இருக்கும்."

நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். "வண்டி எடுங்க. நானும் வரேன்" என்றார்.

27ஆம் தேதி காலை வருகிறோம். பம்பை நிறுத்தவிடாதீர்கள். என்ன கதை வேண்டுமானாலும் சொல்லுங்கள். இந்த ஒருமுறை மட்டும் அனுமதி.

உங்கள் மருமகள்


ஏப்ரல் 19

அன்புள்ள மாமாவுக்கு,

நீங்கள் புதுக் குழிக்குப் போய்ச் சேர்ந்திருப்பீர்கள். சுவரிலிருந்து பிளாஸ்டர் பூசி மண்ணோடு வெட்டி எடுத்துவந்த கட்டிகளை நேற்றுத்தான் முழுதாகப் பிரித்து முடித்தோம். முப்பத்தொரு பல். மூன்று வட்டு. உங்கள் டீ வட்டையும் சேர்த்தால் நான்கு.

மீதியை நினைத்தால் இன்னும் வயிறு எரிகிறது. 31 என்று சொல்லிவிட்டு 29ஆம் தேதி மத்தியானமே பம்பை நிறுத்திவிட்டார் உங்கள் மேலாளர். கணுக்கால் தண்ணீரில் நீங்களும் காப்பாட்சியரும் பலகையைப் பிடித்துக்கொண்டு நின்றதும், முழங்காலுக்கு ஏறிய பிறகும் அவர் "இன்னும் ஒண்ணு, இன்னும் ஒண்ணு" என்று கத்தியதும் உங்களுக்கே தெரியும். கீழ்வரிசை உள்ளேயே போய்விட்டது. ஒரு வாரம் முன்னால் நான் உங்களை நம்பியிருந்தால் வந்திருக்கும். இதை யாரும் என்னிடம் சொல்லவில்லை. சொல்லாமலேயே எனக்குக் கேட்கிறது.

இன்னொன்றும் சொல்லவேண்டும். பல்லைக் கடித்துக்கொண்டு எழுதுகிறேன், சிரிக்காதீர்கள்.

ரம்பப்பல்லும் ஊசிப்பல்லும் ஒரே மீன்தான். மேல்தாடையில் அகலமாக ரம்பம், இரையை அறுக்க. கீழ்த்தாடையில் ஒல்லியாக ஊசி, இரையைக் குத்திப் பிடிக்க. கோணல்பல் சுறாவின் வாய் அப்படித்தான் இருக்கும். இரண்டு தாடையும் நசுங்கி ஒன்றன்மேல் ஒன்று படிந்ததால் உங்களுக்கு ஒரே வரிசைபோலத் தெரிந்திருக்கிறது. புத்தகத்தில் இருக்கிறது. படித்திருக்கிறேன். பரீட்சையில்கூட எழுதியிருக்கிறேன். ஆனால் உங்கள் பல் ஒவ்வொன்றாகத் தபாலில் வந்தபோது, ஒரு பார்வை பார்த்து, ஊசி என்றால் ஐந்தாவது அலமாரி, ரம்பம் என்றால் மூன்றாவது என்று போட்டுவிட்டு சீட்டில் ஸ்டாம்பு குத்தினேன். இப்போது பதினொன்றையும் எடுத்து வைத்துப் பார்த்தோம். இரண்டு வருடம் முன்னால் நீங்கள் அனுப்பிய ஒரு ஊசிப்பல்லின் உடைந்த வேர், சுவரிலிருந்து வந்த துண்டோடு அச்சு அசலாகப் பொருந்தியது. எல்லாம் ஒரே வாய். ஒரு மீனை நான் இரண்டு அலமாரியில் பிரித்துப் போட்டிருக்கிறேன்.

அப்படியானால் நீங்கள் ஒட்டிய அந்தக் காவல்காரர்களும் அதே மீனின் கீழ்த்தாடைதான். அசிட்டோனில் போட்டுப் பிரித்தது நாங்கள். இதை நிபுணருக்கு எழுதினேன். "மன்னிப்புக் கேட்டதாக மாமாவிடம் சொல்லவும். ஆனால் பசை வேண்டாம்" என்று பதில் வந்திருக்கிறது.

மீனின் நீளம் ஐந்து மீட்டர் இருக்கலாம். பஸ் ஸ்டாண்டு வரை போகாது.

எனக்கு ஒரு வருடம் நீட்டித்திருக்கிறார்கள்.

ஒரே ஒரு கேள்வி. மார்ச் முதல் தேதிக் கடிதத்தில் நான்காவது காரணத்துக்கும் ஐந்தாவதுக்கும் நடுவில் ஒரு வரி அடிக்கப்பட்டிருக்கிறது. விளக்குக்கு முன்னால் பிடித்துப் பார்த்தேன். லென்ஸ் வைத்தும் பார்த்தேன். தாளே கிழியும்படி அடித்திருக்கிறீர்கள். பல்லைப் படிக்க முடிகிறது, அதைப் படிக்க முடியவில்லை. என்ன எழுதியிருந்தீர்கள்?

உங்கள் மருமகள்


ஏப்ரல் 27

இரண்டு அலமாரிகளை ஒரே வாயில் அடக்கிய மாதரசிக்கு,

ஐந்து மீட்டரா? ஐந்தே மீட்டரா? மூன்று வருடம் பஸ் ஸ்டாண்டு வரை வளர்த்த மீனை ஒரே கடிதத்தில் வெட்டிவிட்டாயே. பம்பு ஆபரேட்டரிடம் இதை எப்படிச் சொல்வேன்? அவர் மனைவி ஊரெல்லாம் சொல்லிவிட்டார். போகட்டும். நான் ஒட்டியது சரியான வாயைத்தான் என்று நிபுணருக்கே தெரிந்துவிட்டது. அதை மட்டும் சட்டம் போட்டு இந்தப் புதுக் குழியின் பம்பு அறையில் மாட்டப்போகிறேன்.

இங்கே டீ கிளாஸை மேஜையில் நேராக வைக்கவேண்டியிருக்கிறது. ஒற்றை வளையம் விழுகிறது. அசிங்கமாக இருக்கிறது.

அடித்த வரியைக் கேட்கிறாய். சொல்கிறேன். இதையும் நீ நம்பப்போவதில்லை.

போன டிசம்பரில், பதினோராவது பல்லுக்கு உன் சீட்டு வந்த அன்று, அந்தச் சுறா நேரில் வந்தது. குழியின் வாசல் வழியாக இல்லை, அவ்வளவு பெரிய உடம்பு அதில் நுழையாது (அப்போது அது இன்னும் ஐந்து மீட்டராகச் சுருங்கவில்லை). பம்புக் குழாய் வழியாக வந்தது. என் மேஜைக்கு எதிரில் வாலை மடித்து உட்கார்ந்தது. நான் குடித்துக்கொண்டிருந்த டீயைக் கேட்டு வாங்கிக் குடித்தது. பிறகு உன் சீட்டை எடுத்து, கண்ணாடி போட்டுக்கொண்டு படித்தது. "பொருள் பெறப்பட்டது. வகை: சாதாரணம்." இரண்டு தடவை படித்தது. பிறகு தேம்பித் தேம்பி அழ ஆரம்பித்தது. "பதினோரு பல்லு குடுத்தேன், ஒரு வரி கையால எழுதலையே" என்றது. கண்ணீரில் குழி நிரம்பியது. ஏழு பம்பும் சேர்ந்து இரண்டு நாள் இறைத்தன. அதன் துக்கத்தைப் பார்க்கச் சகிக்காமல்தான், சாதாரணம் என்று யாரும் சொல்லமுடியாத ஒரு பல்லைச் செய்து தருகிறேன் என்று நான் வாக்குக் கொடுத்தேன். அதற்குத்தான் பசை. அதற்குத்தான் காவல்காரர்கள். பார், வேலை நடந்தது. ஜனவரியில் நீ கையால் இரண்டு பக்கம் எழுதினாய். மூன்று வருடத்தில் முதல்முறை.

அடித்த வரி இதுதான். அப்போது எழுதக் கூச்சமாக இருந்தது.

சுறா வரவில்லை. டீ குடிக்கவில்லை. பம்புகள் எப்போதும்போல எங்கள் தண்ணீரைத்தான் இறைத்தன. இந்தக் கதையில் ஒரு சின்ன விஷயம் மட்டும் நிஜம், மருமகளே. அந்தச் சீட்டைப் பார்த்து ஒருத்தர் வருத்தப்பட்டார். அது சுறா இல்லை.

மாமா